தறி ஓடாத நாள்

2-9-1972, காஞ்சிபுரம்

படமே முடியவில்லை, அதற்குள் என் பெயரை எடுத்துவிடப் பார்க்கிறார்கள். கதை என்னுடையது, இயக்கம் என்னுடையது, நெசவாளி மனைவியாக நடிப்பதும் நான். பணம் போடும் ஓரிக்கை ராஜகோபால் இன்று நிதானமாகச் சொன்னார்: "டைரக்‌ஷன் பொம்பளைன்னு போட்டா எவன்மா படத்த வாங்குவான்? நம்ம தர்மன் பேரு இருக்கட்டும். நீதான் திரையில தெரியறியே."

தர்மன் அவர் மைத்துனர். இரண்டு மாதமாகக் குடைக்குக் கீழே உட்கார்ந்திருப்பதைத் தவிர ஒரு வேலையும் செய்யாதவர். முடியாது என்றேன்.

5-9

கடைசிக் காட்சி வியாழக்கிழமை. கேமரா அன்று ஒரு நாள்தான் கிடைக்கும். கைலாசம் மாமா வீட்டுத் தறியில் நான் நெய்துகொண்டே அழ வேண்டும்.

7-9

நெசவாளி வீட்டில் பிறந்து இப்படி ஒரு தப்பா? இன்று அமாவாசை. தெருவில் ஒரு தறியும் ஓடவில்லை. மாமா வாசலிலேயே நிறுத்திவிட்டார். "இன்னிக்கி தறியத் தொடக்கூடாதுன்னு உனக்கே தெரியாதாமா? சினிமாவுல பூந்து எல்லாம் மறந்துட்டியா?"

வெட்கமாகிவிட்டது. தர்மன் சிரித்தார். இன்றைக்குள் முடியாவிட்டால் மீதியைத் தானே எடுப்பதாக எல்லோர் காதிலும் விழும்படி சொன்னார்.

என்ன செய்ய? நடுத்தெருவில் நின்றேன். அப்போதுதான் அந்த அமைதி உறைத்தது. இங்கே தறிச் சத்தத்தில் எத்தனை பெண்களின் பேச்சு அமுங்கிப் போயிருக்கும் — காட்சியையே மாற்றினேன். அவள் நெய்யவில்லை, அழவில்லை. ஓடாத தறிக்கு முன்னால் நின்று, பதினைந்து வருஷமாகப் புருஷன் காதில் விழாததையெல்லாம் தெருவே கேட்கப் பேசுகிறாள். எழுத நேரமில்லை. மனதில் வந்ததைப் பேசினேன். தறியைத் தொடாததால் மாமாவும் தடுக்கவில்லை, தூணோரம் நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

இந்தக் கேமராவில் குரல் பதியாது. பிறகு ஸ்டூடியோவில் சேர்க்க வேண்டும்.

21-10

டைட்டில் அட்டை எழுதியாகிவிட்டது. இயக்கம்: தர்மன்.

நாளைக்குக் குரல் கொடுக்க வரச் சொல்கிறார்கள். போகமாட்டேன். பேரு இல்லன்னா குரலும் இல்ல. வேற யாரையாவது பேச வச்சிக்கட்டும். எனக்கென்ன?

28-10

வேறொரு பெண்ணை வரவழைத்தார்களாம். அவள் வசனத்தாளைக் கேட்டிருக்கிறாள். தாள் ஏது?

2-11

ராஜகோபால் வீட்டுக்கே வந்தார். அந்தக் காட்சியைத் திரையில் போட்டுப் பார்த்தாராம். சத்தமில்லாமல் என் உதடு மட்டும் அசைந்திருக்கிறது. மைத்துனரிடம் கேட்டிருக்கிறார்: "டைரக்டரு நீதானேப்பா, அந்தம்மா என்னா பேசுதுன்னு சொல்லு." தர்மன் எழுந்து வெளியே போய்விட்டாராம்.

அட்டையை மாற்றிவிட்டுச் சொல்லி அனுப்புங்கள் என்றேன். காபி கொடுத்தேன்.

14-11

கதை, வசனம், இயக்கம் — தையல்நாயகி. அட்டையில் அந்த மை காய்கிறவரை பக்கத்திலேயே நின்றுவிட்டுத்தான் மைக்கின் முன்னால் போனேன்.

9-4-1973

அடுத்த படத்துக்கு நாள் குறிக்க ராஜகோபால் வந்திருந்தார். யார் இயக்கம் என்று கேட்கவில்லை. கையோடு காலண்டர் கொண்டுவந்திருந்தார். அமாவாசைகளையெல்லாம் சிவப்பு மையில் வட்டம் போட்டு வைத்திருந்தார்.

"இந்த வட்டத்துல எந்த நாள் வேணும்மா?" என்றார்.