எண் வாங்கினால் மட்டும் போதாது, அத்தான்

அன்புள்ள அத்தானுக்கு,

வணக்கம். போனை நீங்கள் எடுப்பதில்லை, அதனால் கடிதம். நலம் விசாரிப்பதை எல்லாம் கடைசியில் வைத்துக்கொள்ளலாம்.

செவ்வாய்க்கிழமை உங்கள் மேல்முறையீடு தள்ளுபடியாகிவிட்டது. நீங்கள் தோற்கவில்லை. ஆட்டத்துக்கே வரவில்லை. பாப்பாவை வாரக் கடைசியில் உங்கள் வீட்டுக்கு அழைத்துப்போகக் கேட்டீர்களே, அதை நீதிபதி படிக்கக்கூட இல்லை. நாலு நிமிஷத்தில் முடிந்துவிட்டது. இனியும் பழையபடி மாதத்துக்கு இரண்டு மணி நேரம்தான், கோர்ட் அறையில், பிளாஸ்டிக் நாற்காலியில்.

உங்கள் வக்கீலை வராந்தாவில் மடக்கிக் கேட்டேன். "கீழ்க்கோர்ட் தாளெல்லாம் சேத்துக் குடுக்கணும், வந்து கையெழுத்துப் போடுங்கன்னு பத்து தடவை கூப்பிட்டாச்சு சார். 'அதான் கேஸுக்கு நம்பர் விழுந்துடுச்சே, அப்புறம் என்ன'ங்கறார்" என்றார். எனக்குத் தலையில் அடித்துக்கொள்ளலாம் போல இருந்தது. நீங்கள் லிஃப்ட் மெக்கானிக், நான் அதன் கன்ட்ரோல் பேனல் பார்ப்பவன். நம் தொழிலில் புகார் எண் விழுந்தால் ஆள் கிளம்பி வந்தே ஆக வேண்டும். கோர்ட்டில் எண் வாங்கியவன்தான் வர வேண்டும். வராவிட்டால், வேண்டாம் போலிருக்கிறது என்று வழக்குக் கட்டை மூடிவிடுவார்கள்.

எங்கள் வக்கீல், "ஜெயிச்சுட்டோம்மா" என்று அக்காவிடம் கை கூப்பினார். அவள் சிரிக்கவில்லை. படியிறங்கும்போது, "அவருக்கு உடம்பு கிடம்பு சரியில்லையாடா?" என்று கேட்டாள். எனக்கு என்ன தெரியும் என்று எரிந்து விழுந்தேன்.

பாப்பா பள்ளியில், "எங்கப்பா லிஃப்ட்ல மாட்டிக்கிட்டவங்கள வெளிய எடுக்கப் போயிருக்கார், அதான் வரலை" என்று டீச்சரிடம் சொல்லியிருக்கிறாள். யாரும் சொல்லிக்கொடுத்ததில்லை.

நீங்கள் அக்காவிடம் கத்தியதை நான் மறக்கவில்லை. அந்தக் கோபம் அப்படியே இருக்கிறது. அது வேறு கணக்கு, இது வேறு.

இப்போது செய்ய வேண்டியது: தள்ளுபடியை நீக்கி, வழக்கை மறுபடி எடுத்துக்கொள்ளக் கேட்டு ஒரு மனு. முப்பது நாள் கெடு. அதில் ஐந்து போய்விட்டது. வராததற்குக் காரணம் கேட்பார்கள். வேலை, காய்ச்சல் என்று அளக்காதீர்கள். "எண் விழுந்தால் தானாக நடக்கும் என்று நினைத்துவிட்டேன், தெரியவில்லை" என்று உள்ளதை எழுதுங்கள். தெரியாததில் வெட்கம் இல்லை. தெரிந்த பிறகும் உட்கார்ந்திருந்தால்தான் கேவலம்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். உண்மையிலேயே ஏதாவது இருந்தால் ஒரு வரி எழுதுங்கள்.

அக்கா மனுவை எதிர்ப்பாளா என்று என்னைக் கேட்காதீர்கள். நானும் அவளைக் கேட்கவில்லை. உங்கள் புது முகவரி எனக்குத் தெரியாது, அத்தான். கவரின் மேல் அது யார் கையெழுத்தில் இருக்கிறது என்று ஒருமுறை பாருங்கள். பார்த்துவிட்டுக் கிளம்பி வாருங்கள்.

இப்படிக்கு,
உங்கள் மச்சான்