மேடையில் ஒரு மாமியார்

மார்ச் 4

இன்று லேபில் பரிசோதனைக்கு ரத்தம் கொடுக்க வந்த ஒருவர், நான் கையில் ரப்பர் பட்டையைக் கட்டும்போதே முகத்தைப் பார்த்துப் பார்த்துச் சிரித்தார். என்ன என்றேன். "நீங்கதானே அந்தக் காமெடியனோட மாமியார்?"

பக்கத்து நாற்காலியில் ரத்தம் எடுப்பவள் போனில் தேடிக் காட்டினாள். மேடையில் என் மாப்பிள்ளை. பின்னால் திரையில், பேத்தியைத் தூக்கிக்கொண்டு நிற்கும் என் படம். "மாமியாருக்கு லேப்ல ரத்தம் எடுக்கற வேலை. சாயங்காலம் நம்ம வீட்டுல ஓவர்டைம்."

அரங்கமே குலுங்குகிறது.

மார்ச் 5

முழுசும் பார்த்தேன். மேடை மாமியார் பிரிட்ஜைத் திறந்து பெருமூச்சு விடுகிறாள். கதவில் காது வைத்து ஒட்டுக் கேட்கிறாள். சமையலில் குறை சொல்கிறாள். "ஒரு வாரம்னு சொல்லி வந்தாங்க. எந்த வாரம்னு சொல்லலை." இதற்கு எனக்கே சிரிப்பு வந்து தொலைத்தது. அதனால் எரிச்சல் இன்னும் கூடியது.

யார் இந்தப் பொம்பளை? சமையல் இந்த வீட்டில் மாப்பிள்ளையுடையது. எது வைத்தாலும் நன்றாக இருக்கிறது என்று சாப்பிட்டு எழுந்திருக்கிறேன். குழந்தை பிறந்ததும், "நீங்க வந்தாதான் அத்தை நாங்க மூச்சு விட முடியும்" என்று என் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தவரே அவர்தான்.

மார்ச் 8

மகளிடம் சொன்னேன். "சும்மா ஜோக்குதாம்மா. எல்லா வீட்டு மாமியாரையும்தான் சொல்றாரு."

எல்லா வீட்டு மாமியார் என்றால் என் படம் எதற்கு?

மார்ச் 12

ரத்தம் எடுக்க ஊசி குத்தும்போது ஒரு அம்மாள் முகம் சுளித்தார். கூட வந்த கணவர், "கொஞ்சம் மிச்சம் வைங்க" என்றார். வரிசையே சிரித்தது. மதியம் மேலாளர் கூப்பிட்டார். "உங்க மேல தப்பு இல்லைம்மா. கொஞ்ச நாள் பின் ரூம்ல மெஷினைப் பாத்துக்குங்களேன்."

நரம்பு கிடைக்காத குழந்தைகளுக்கெல்லாம் என்னைத்தான் கூப்பிடுவார்கள். இனி எனக்கு ஆட்கள் இல்லை, குப்பிகள்தான்.

மார்ச் 13

பொறுக்க முடியவில்லை. மாப்பிள்ளை வெங்காயம் வதக்கிக்கொண்டிருந்தார். போய் நின்றேன்.

"மாப்பிள்ளை, நான் என்னிக்காவது உங்க பிரிட்ஜைத் திறந்து பெருமூச்சு விட்டிருக்கேனா?"

"ஐயோ அத்தை, அது நீங்க இல்ல. ஒரு கேரக்டர்."

"அப்ப என் படம்?"

வெங்காயத்தைக் கிளறினார். "மாமியார்னு ஆரம்பிச்சாலே ஜனங்க சிரிக்க ரெடியா இருக்காங்க. புதுசா சொன்னா மூஞ்சியைப் பாக்கறாங்க. நான் என்னதான் பண்றது?"

"யோசிங்க. அது உங்க வேலை. நான் என் வேலையை ஒழுங்காத்தான் பண்ணேன், அது போச்சு."

படத்தை எடுத்துவிடுவதாகச் சொன்னார். மாமியாரை எடுப்பதாகச் சொல்லவில்லை.

மார்ச் 14

பெட்டியைக் கட்டினேன். பேத்தி அதற்குள் ஏறி உட்கார்ந்துகொண்டு இறங்க மாட்டேன் என்கிறது. கோபித்துக்கொண்டு கிளம்பும் மாமியார் — அதற்கும் சிரிப்பார்கள். சிரிச்சுட்டுப் போகட்டும். எனக்குக் கோபம்தான்.

மார்ச் 29

என் வீடு. நிம்மதி. பயங்கரமான நிம்மதி.

ஏப்ரல் 19

மகள் போன் செய்தாள். "புது ஷோம்மா. உன்னைப்பத்தி ஒரு வார்த்தை கிடையாது. வாயேன்." போனேன்.

உண்மைதான், மாமியார் இல்லை. அந்த இடத்தில் பெண்டாட்டி. சேலை, சந்தேகம், எடை — எல்லாம் எங்கேயோ கேட்ட சரக்கு. பிறகு, "குழந்தை பொறந்ததுல இருந்து பாத்ரூம்ல குழாயைத் திறந்துவிட்டு அழறா. தண்ணி பில் கட்ட முடியல."

முன்வரிசைக்காரர் தொடையில் தட்டிச் சிரித்தார். நான் திரும்பி மகளைப் பார்த்தேன். அவள் மேடையைப் பார்க்கவில்லை, மடியில் இருந்த கைப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அழுதாளா? அதே வீட்டில்தானே இருந்தேன். எனக்கு எப்படித் தெரியாமல் போச்சு?

ஏப்ரல் 20

காலையில் குழந்தையோடு வந்தாள். என்னிடம் கொடுத்துவிட்டு என் கட்டிலில் படுத்தாள். செருப்பைக்கூடக் கழற்றவில்லை, நான்தான் கழற்றினேன். மாப்பிள்ளை திரும்பத் திரும்பக் கூப்பிட்டார். எழுந்ததும் பேசச் சொல்கிறேன் என்றேன். எழுப்பவில்லை.

மதியம் விழித்துச் சுவரைப் பார்த்தபடி சொன்னாள்: "ஏன் அழறேன்னு அவர் ஒரு தடவைகூட கேக்கலைம்மா."

குழந்தையைத் தரையில் விட்டேன். அவள் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டேன்.