படகுத்துறையில் நான் சொன்னது

1925 ஜூன் 9, செவ்வாய்

பாரிஸிலிருந்து சினிமாக்காரர்கள் வந்திருக்கிறார்கள். கடலோடியைக் காதலிக்கும் பணக்காரப் பெண்ணின் கதையாம். பாதிப் படம் கப்பலிலேயே நடக்கிறதாம். கதாநாயகிக்குப் படகில் கால் வைத்ததுமே வாந்தியாம்.

இதையெல்லாம் கூட வேலை செய்யும் பெரின்தான் சொன்னாள், மத்தி டப்பா மூடும் இயந்திரத்துக்கு அந்தப் பக்கம் நின்று, வாயை மட்டும் அசைத்து. இங்கே இயந்திர இரைச்சலில் கத்தினாலும் கேட்காது. பன்னிரண்டு வயதில் பள்ளிக்கூடத்தை விட்டு இந்தத் தொழிற்சாலைக்கு வந்தேன். முதல் மாதமே உதட்டைப் பார்த்துப் படிக்கப் பழகிவிட்டேன். எங்கள் பெண்கள் எல்லோருக்கும் இது வரும். மேஸ்திரியை அவர் எதிரிலேயே திட்டுவோம். ஆண்களுக்கு ஒன்றும் புரியாது.

"கூட்டத்துல நிக்க உள்ளூர்ப் பொம்பளைங்க வேணுமாம். வர்றியா?"

மாட்டேன் என்றேன்.

"நீ வந்தாலும் உன் தலைத்துணிதான் படத்துல விழும். எப்பப் பாரு குனிஞ்சுக்கிட்டு."

ஜூன் 12

அப்பா வைன் கடையிலிருந்து வந்தார். சூப் பானை சுவரில். அம்மா மணிக்கட்டில் துணி சுற்றியிருக்கிறாள். தரையை நான் துடைத்தேன். வேறென்ன எழுத.

ஜூன் 13, சனி

வீட்டில் இருக்கப் பிடிக்கவில்லை. பெரினோடு படகுத்துறைக்குப் போய்விட்டேன்.

படகுகள் கிளம்பும் காட்சி. முப்பது பெண்கள் நின்றோம். "வீட்டு ஆம்பளைங்களை அனுப்பறப்ப என்ன சொல்வீங்களோ, அதையே சொல்லுங்க" என்றார் டைரக்டர். எங்கள் ஊரில் கடலுக்குப் போகிறவரிடம் திரும்பி வா என்றுகூட யாரும் சொல்ல மாட்டார்கள். கடலுக்கு அவரை நினைவூட்டியது போல் ஆகிவிடும். அடுப்பில் என்ன இருக்கும் என்று சொல்லித்தான் அனுப்புவோம். அதனால் முப்பது பேரும் கண்ணைத் துடைத்துக்கொண்டு முட்டைக்கோஸ் சூப், உருளைக்கிழங்கு, பன்றிக் கொழுப்பு என்று சொன்னோம்.

பிறகு அவர் கேமராவை என் முகத்துக்கு ஒரு முழம் பக்கத்தில் கொண்டுவந்து வைத்தார். ஏன் என்னை?

"நீ இப்படியே குனிஞ்சு நில்லும்மா. அப்புறம் மெதுவா நிமிர்ந்து அந்தப் படகைப் பாரு. ஏதாவது பேசு. எதுவானாலும் சரி. யாருக்கும் கேக்காது. நீ பேசறதுக்குப் பதிலா திரையில எழுத்தை நாங்க போட்டுக்குவோம்."

நிமிர்ந்தேன். எதிரே இருந்தது எங்கள் படகு. பாய்மரத்தடியில் அப்பா, தொப்பியைக் கையில் பிடித்தபடி கேமராவுக்காகச் சிரித்துக்கொண்டிருந்தார்.

சொன்னேன். "திரும்பி வராதீங்கப்பா. நீங்க கடல்ல இருக்கற நாள்லதான் எங்க வீட்டுல நிம்மதி."

அழுகையும் வந்துவிட்டது. டைரக்டர் கை தட்டினார்.

ஜூன் 15, திங்கள்

இயந்திரத்துக்கு அந்தப் பக்கத்திலிருந்து பெரின்: "யாரை நெனைச்சுடி அப்படி அழுதே, கள்ளி?"

அவள் உதட்டைப் படித்தேன். படித்ததும் கை நின்றுவிட்டது.

யாருக்கும் கேட்காது, சரி. ஆனால் பார்க்க முடியுமே. ஊரிலுள்ள பொம்பளைங்க அத்தனை பேரும் — ஐயோ, என்ன காரியம் பண்ணிட்டேன் நான்.

ஜூலை 2

மூடுபனி. அப்பாவின் படகு மூன்று நாளாகத் திரும்பவில்லை. நான் சொன்னதாலா?

ஜூலை 3

வந்துவிட்டார். எனக்கென்று ஒரு பெரிய நண்டு கொண்டுவந்திருந்தார். "எங்கே நம்ம வீட்டு சினிமாக்காரி?" என்று கேட்டார். அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. நண்டு தின்ன முடியவில்லை.

அக்டோபர் 27

மாதா கோயில் மண்டபச் சுவரில் படத்தின் விளம்பரம் ஒட்டிவிட்டார்கள். அப்பா வைன் கடையில் எல்லோரையும் அழைத்துவிட்டாராம்.

பாவமன்னிப்புக்குப் போனேன். கூண்டுக்குள் மண்டியிட்டு, பொய் சொன்னேன் சாமி என்று ஒரு பொய் சொல்லிவிட்டு வந்தேன்.

நவம்பர் 8, ஞாயிறு

பகல் மூன்று மணிக்குக் காட்சி. வயிற்று வலி என்றேன். அப்பா விடவில்லை.

படகுத்துறைக் காட்சி வந்ததும் பெண்கள் சிரிக்கத் தொடங்கினார்கள். திரை முழுக்க உதடுகளில் முட்டைக்கோஸ் சூப். "ஏண்டி இளிக்கிறீங்க, அழுவுற கட்டம்டி இது" என்று பின்னாலிருந்து ஓர் ஆள் அதட்டினார்.

பிறகு என் முகம். சுவர் அளவுக்கு.

சிரிப்பு நின்றது. பியானோ மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. அப்புறம் எழுத்து வந்தது: "போய் வாருங்கள், அன்பே. உயிர் உள்ளவரை காத்திருப்பேன்."

"பாத்தீங்களா, என்னைப் பாத்துத்தான் சொல்றா" என்று அப்பா வரிசை முழுக்கச் சொன்னார். தொப்பியால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அம்மா அசையவில்லை. முன்வரிசைகளில் வெள்ளைத் தலைத்துணிகள், ஒன்றுகூடத் திரும்பவில்லை. ஒருத்தியாவது திரும்பி முறைத்திருந்தால் தேவலை.

நவம்பர் 9

இன்று என்னிடம் யாரும் வாயசைக்கவில்லை. மதியம் பெரின் தன் ரொட்டியில் பாதியை என் கையில் வைத்துவிட்டு நகர்ந்தாள். அந்தப் பரிதாபம்தான் தாங்கவில்லை.

மாலையில் உருளைக்கிழங்கு தோல் சீவிக்கொண்டே அம்மா சொன்னாள்: "படியில வழுக்கிட்டேன், பானை கைதவறிடுச்சுன்னு இருபது வருஷமா ஊருக்குச் சொல்லிட்டு இருந்தேன். இனிமே என்னத்தைச் சொல்ல?"

திட்டவில்லை. திட்டியிருக்கலாம்.

நவம்பர் 12, வியாழன்

நேற்று விடுமுறை, படம் மறுபடி ஓடியது. அப்பா தன் படகு ஆட்களோடு போய்ப் பார்த்துவிட்டு, குடிக்காமல் நேரே வீட்டுக்கு வந்தார். அம்மாவிடம் கேட்டார்:

"எழுத்துல போட்டது கொஞ்சம்தான். இவ வாய் நிறைய அசையுதே. மீதி என்ன சொல்றா? உனக்குத்தான் உதட்டைப் படிக்க வருமே."

அம்மா என்னைப் பார்த்தாள். நான்தான் சொல்லியிருக்க வேண்டும். வாளியை எடுத்துக்கொண்டு தண்ணீர் பிடிக்க ஓடிவிட்டேன். கோழை.

திரும்பி வந்தபோது அப்பா தொப்பியைக் கழற்றாமல் அடுப்பைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். அம்மா அவர் தலைக்கு மேலாக, சத்தமில்லாமல் வாயசைத்தாள்: "சொல்லிட்டேன்."

இன்று விடிவதற்குள் கடலுக்குப் போய்விட்டார். அடுப்பில் என்ன இருக்கும் என்று சொல்லி அனுப்ப எங்களில் யாருக்கும் வாய் வரவில்லை.

நவம்பர் 14, சனி

அந்தி வேளையில் படகுகள் திரும்பின. ஆட்கள் வைன் கடைப் பக்கம் போகும் பேச்சு தெருவில் கேட்டது. சிறிது நேரத்தில் எங்கள் கதவை யாரோ தட்டினார்கள். நானும் அம்மாவும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். இந்தத் தெருவில் கதவைத் தட்டுவது கெட்ட செய்தி கொண்டுவருகிறவர்கள்தான்.

திறந்தேன். அப்பா நின்றிருந்தார், சட்டையெல்லாம் நனைந்து. குடித்த வாடை ஒன்றும் இல்லை.

"வரலாமா?" என்று கேட்டார். அம்மாவை அல்ல, என்னை.

சுருங்கிப்போய்விட்டேன். வழிவிட்டேன். மேசையருகே தன் நாற்காலிக்குப் போகாமல், கதவோரத்துப் பெட்டியின் மேல் வேற்று ஆள் மாதிரி உட்கார்ந்தார்.

"உங்க இடத்துல வந்து உக்காருங்கப்பா" என்று சொல்ல எனக்கு வெகுநேரம் ஆயிற்று.