செங்கமலம் இருந்தாளா?

நேற்று பாசாரில் வாங்கி வந்த கருவாட்டுப் பொட்டலத்தைப் பிரித்தால், சுற்றியிருந்த பழைய பத்திரிகைத் தாளில் உங்கள் தொடர்கதை. தூங்குமூஞ்சி மரத்தடியில் செங்கமலத்தைக் கொன்று போடுகிற இடம். பாதி எழுத்தை மீன் ஈரம் தின்றுவிட்டது. எனக்குத்தான் மனப்பாடம் ஆயிற்றே, விட்டுப்போன வரிகளை நானே நிரப்பி வாசித்தேன். வாசித்த பிறகு அடுப்பை மூட்டவே தோன்றவில்லை. உங்களிடம் கேட்க ஒன்று இருக்கிறது. அதை வேறு யாரிடம் போய்க் கேட்பேன்?

பகலெல்லாம் ரயில்வே சரக்குக் கிடங்கில் கணக்கெழுதும் கிராணி, வீட்டுக்கு வந்து காப்பி குடித்ததும் கொலைகாரர். அதுதான் நீங்கள். நான் சுரைக்காய் நறுக்கிக்கொண்டிருப்பேன், பின்னால் வந்து நின்று, எந்தப் பக்கம் அறுத்தால் சத்தம் வராது என்று கேட்பீர்கள். ஆனால் தீபாவளிக்குக் கோழி அறுத்தால் வாசலுக்குப் போய்விடுவீர்கள். குளியலறையில் கரப்பான் பூச்சி என்றால் என்னைக் கூப்பிடுவீர்கள். உங்கள் கதையைப் படித்துவிட்டுக் கிள்ளானில் ஒருத்தி விளக்கை அணைக்காமலே தூங்குகிறாள் என்று கேள்விப்பட்ட அன்று, எவ்வளவு பெருமை உங்களுக்கு.

செங்கமலம் பிறந்தது நம் சமையலறையில்தான். ஆவிக்கு ஒரு பெயர் சொல்லு என்றீர்கள். பால்காரர் மாட்டின் பெயரைச் சொன்னேன். சிரித்துக்கொண்டே எழுதிக்கொண்டீர்கள். அவள் சாக ஓர் இடம் வேண்டுமென்று, நம் குவாட்டர்ஸுக்குப் பின்னால் தண்டவாளத்தை ஒட்டி நிற்கும் மரத்தைக் காட்டினீர்கள். அவ்வளவுதான் அவள் சரித்திரம்.

தொடர் முடிவதற்குள் அந்த மரத்தில் மஞ்சள் துணி ஏறிவிட்டது. அடுத்து எலுமிச்சம்பழம், அப்புறம் ஒரு சூலம். வெள்ளிக்கிழமை தோறும் பொங்கல். எதிர்வீட்டுப் பொன்னம்மாக்காவின் மகனுக்கு ரயில்வேயில் வேலை கிடைத்ததும் கூட்டம் இன்னும் கூடிவிட்டது. அது வெறும் கற்பனை என்று நீங்களே போய் அக்காவிடம் சொல்லிப் பார்த்தீர்கள். அவர் அசரவில்லை.

"எழுதறதுக்கு அம்மா ஒங்களப் புடிச்சிருக்கா தம்பி. அது ஒங்களுக்கே தெரியல" என்றார்.

அன்று வீட்டுக்கு வந்து அக்கா சொன்னதை என்னிடம் சொன்னீர்கள். கேலி செய்தேன். பதிலுக்குச் சிரித்தீர்கள், ஆனால் அதன்பிறகு அந்த மரத்துப் பக்கமாக வேலைக்குப் போவதை விட்டுவிட்டீர்கள். சுற்றுவழியில் போனீர்கள். ஏன் என்று நானும் கேட்கவில்லை.

பிறகு நெஞ்சுச் சளி முற்றி ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்தபோது, என் கையைப் பிடித்து இழுத்துச் சொன்னீர்கள்: "அந்த மரத்துக்கு ஒரு தேங்கா ஒடச்சிரு."

விளையாட்டு என்றுதான் முதலில் நினைத்தேன். உங்கள் முகத்தில் விளையாட்டு இல்லை. போய் உடைத்தேன். அந்த வாரமே போய்விட்டீர்கள்.

இப்போது புதுத் தண்டவாளம் போட அந்த மரத்தை வெட்டப்போகிறார்களாம். பெண்களெல்லாம் கலங்கிப்போய் நம் வீட்டுக்கு வந்துவிட்டார்கள். பொன்னம்மாக்காதான் பேசினார். "ஒங்க வீட்டுக்காரர்தானே அம்மா சரித்திரத்தக் கண்டுபிடிச்சி எழுதினாரு. நீங்க ஒரு வார்த்த சொன்னா ரயில்வே தொர கேப்பாருலா."

 அவளை இட்டுக்கட்டினேன் என்று சொன்னவரும் நீங்கள், அவளுக்குத் தேங்காய் உடைக்கச் சொன்னவரும் நீங்கள். இதில் எதை நம்புவது? நமக்குத் தெரியாமல் அந்த மரத்தடியில் எவளாவது செத்திருந்தாளா? கிடங்கில் யாராவது சொல்லி, அதை என்னிடம் மறைத்தீர்களா? இல்லை, சாவு பக்கத்தில் வந்ததும் உங்கள் கதைக்கு நீங்களே பயந்துவிட்டீர்களா? கோபம்கூட வருகிறது. ஒரு வரி விளக்கம் சொல்லிவிட்டுப் போயிருக்கக் கூடாதா?

இன்று காலை மரத்தடிக்கே துரை வந்தார். அவர் கேட்டதை உடன் வந்த கிராணி தமிழில் சொன்னார்.

"அப்படி ஒரு பொம்பள நெசமாவே இருந்தாளான்னு கேக்கறாரு."

பெண்கள் அத்தனை பேரும் என் வாயையே பார்த்தார்கள். இல்லை என்ற சொல் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. மாட்டின் பெயரை நான்தானே கொடுத்தேன். ஆனால் அந்த நேரம் பார்த்து, ஆஸ்பத்திரியில் என் கையைப் பிடித்த உங்கள் கை நினைவுக்கு வந்தது. எவ்வளவு இறுக்கமாகப் பிடித்திருந்தீர்கள்.

"இருந்தாங்க" என்றேன்.

துரை என்ன முடிவெடுப்பாரோ தெரியாது. நான் சொன்னது பொய்யா என்பதும் தெரியவில்லை. நீங்கள் கண் மூடிய வேளையில் நான் பக்கத்தில் இல்லை, ஆஸ்பத்திரிக்காரர்கள் உள்ளே விடவில்லை. அந்த நேரத்தில் உங்களுக்குத் துணையாக யாராவது இருந்திருக்க வேண்டும். அது செங்கமலமாகவே இருந்தாலும் சரி.