எண்ணிக்கொண்டே அழுதவள்

ரோம்,
அக்டோபர் 1968

அன்புள்ள எல்வீரா அக்காவுக்கு,

தங்கை ஓர்சோலா எழுதிக்கொள்வது. நலம் என்று எழுத ஆசைதான். பொலோனியாவில் நீயும் அத்தானும் சுகமாக இருக்க வேண்டும். அத்தானின் மூட்டு வலி எப்படி? குளிர் தொடங்குமுன் மருத்துவரிடம் போகச் சொல். பிடிவாதக்காரர், நீதான் இழுத்துக்கொண்டு போக வேண்டும்.

முதலில் நல்ல செய்தி. இத்தனை வருடமாகப் படங்களில் மாமியார், கன்னியாஸ்திரீ, வாடகைக்கு வீடு விடும் சிடுமூஞ்சி என்று வந்து, இரண்டு வரி பேசி, சிரிப்பை வாங்கிக்கொண்டு போன எனக்கு ஒரு நாடகத்தையே தூக்கிக் கொடுத்திருக்கிறார்கள். மகனைக் காட்டிக்கொடுத்த தாய் வேடம். கடைசி அங்கம் முழுக்க நான்தான் பேச வேண்டும். "ஓர்சோலாம்மா, நீங்க இல்லேன்னா இந்த நாடகமே இல்ல" என்கிறான் இயக்குநர் பிரான்சி. பாவி, அவன் அப்படிச் சொல்லும்போதெல்லாம் நான் பேச்சை மாற்றிவிடுகிறேன்.

எங்கள் சினிமா வேலையைப் பற்றிச் சொல்லிச் சிரித்திருக்கிறேனே, நினைவிருக்கிறதா? குரலைப் பிறகு வேறு யாராவது கொடுத்துக்கொள்வார்கள். நமக்கு உதடு அசைந்தால் போதும். வசனம் தெரியாவிட்டால் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்களைச் சொல்லிக்கொண்டே அழலாம், சண்டை போடலாம். சமீபத்திய படங்களில் பாதிக்கு மேல் நான் எண்ணிக்கொண்டுதான் இருந்தேன். சோம்பேறித்தனம் என்று எல்லோரும் நினைத்தார்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன்.

செவ்வாய்க்கிழமை ஒத்திகை. மகனாக நடிப்பவன் என் காலில் விழுந்து கதறினான். நான் பேச வேண்டும். வாயைத் திறந்தேன். "பதினொண்ணு, பன்னெண்டு, பதிமூணு" என்று உருக்கமாகச் சொல்லிக்கொண்டே போனேன் அக்கா, கண்ணீர் வேறு! கொட்டகையே சிரித்தது. "சினிமாக்காரி புத்தி எங்க போகும்!" என்று எவனோ கத்தினான். வேண்டுமென்றே செய்த குறும்பு போல நானும் சேர்ந்து சிரித்தேன். ஆனால் அவர்கள் சிரித்த பிறகுதான் நான் எண்ணிக்கொண்டிருந்தது எனக்கே தெரிந்தது.

பயமாக இருக்கிறது அக்கா. நேற்று காபியைக் கலக்கக் கரண்டியை எடுத்தேன். அந்த நேரம் அதற்குப் பெயர் என்னவென்று தெரியவில்லை. காபி ஆறும்வரை அதையே பார்த்துக்கொண்டு நின்றேன். அம்மாவுக்கும் இப்படித்தான் சின்னச் சின்னப் பொருள்களில் ஆரம்பித்தது என்று நீ சொல்லியிருக்கிறாய். கடைசிவரை அருகில் இருந்து பார்த்தவள் நீ. உனக்குத் தெரியாததில்லை.

இங்கே யாருக்கும் தெரியக் கூடாது. தெரிந்தால் மறுநாளே வேறொருத்தியைப் போட்டுவிடுவார்கள். பிறகு மாமியார் வேடம்கூட வராது. நடிப்பை விட்டால் எனக்கு வேறு என்ன இருக்கிறது, சொல். அதனால் ஒரு பொய் சொன்னேன். அப்பாவின் நாடகக் குழுவில் மேடை முகப்பில் ஒரு பெட்டி இருக்குமே, அதற்குள் உட்கார்ந்து நீ எல்லோருக்கும் வசனம் எடுத்துக் கொடுப்பாயே, அதைச் சொல்லி, "எங்க அக்கா பொட்டிக்குள்ள உக்காந்தாத்தான் எனக்கு ராசி, இல்லேன்னா மேடை ஏற மாட்டேன்" என்று அடம்பிடித்தேன். "இந்தக் காலத்துல யாரும்மா பொட்டி வெக்கிறாங்க?" என்று பிரான்சி தலையில் அடித்துக்கொண்டான். ஆனால் ராசி என்று சொன்னால் எந்த நாடகக்காரன் மறுப்பான்? பெட்டிக்கு இடம் செய்ய மேடைப் பலகையை அறுக்கச் சொல்லி ஆளை வைத்துவிட்டான்.

அதனால் கட்டாயம் வா. வழக்கம்போல, மேடை ஏறுகிறவர்களுக்கு நம்மவர்கள் ராசிக்குச் சொல்லும் "ஓநாய் வாயில் விழு" என்று ஒரு வாழ்த்துத் தந்தி அடித்து ஒப்பேற்றிவிடாதே. அந்த ஊதாக் கோட்டைப் போட்டுக்கொண்டும் வராதே. நாடகக் கொட்டகைக்கு ஆகாத நிறம், கண்டால் வாசலிலேயே துரத்திவிடுவார்கள். அத்தானிடம் ராசி என்றே சொல்.

வந்த பிறகு என்னை ஒன்றும் கேட்காதே. அம்மாவைப் பார்த்தது போல என்னைப் பார்க்காதே. வசனம் மறந்தால் எடுத்துக் கொடு, போதும். என்றாவது ஒருநாள் உன் பெயரே எனக்கு மறந்துபோனால் அழாதே அக்கா. பெட்டிக்குள்ளிருந்து பேசுவாயே, எனக்கு மட்டும் கேட்கிற அந்தச் சின்னக் குரல், அதில் உன் பெயரையும் எடுத்துக் கொடு.

உன் வரவுக்குக் காத்திருக்கும் தங்கை,
ஓர்சோலா