ஆதலா, ஆக்கலா

அச்சகத்திலிருந்து உன்னுடைய கல்வெட்டின் மாதிரிப் பிரதி வந்திருக்கிறது, மச்சான். மை வாசம் இன்னும் போகவில்லை. அட்டையில் உன் படம் சரியாக விழுந்திருக்கிறது. அதற்குக் கீழே உன் பெயர் இருக்கவேண்டிய இடத்தில் ஆங்கிலச் சின்ன எழுத்துகளும் அரைப்புள்ளிகளும் வரிசையாக நிற்கின்றன. உள்ளேயும் அப்படித்தான். தேவாரம், உன் அப்பாவின் நன்றியுரை, நீ பிறந்த திருகோணமலை எல்லாம் ஒரே குப்பை. அச்சகக்காரன் காலையில் கூப்பிட்டு, "பொன்ஜூர், இது என்ன மொழியென்று எங்களுக்குத் தெரியாது. ஆனால் வடிவாக அடித்திருக்கிறோம்" என்று பிரெஞ்சில் பெருமையாகச் சொன்னான்.

பிழை என்னுடையதுதான். எங்களுடைய தமிழ் எழுத்துரு ஒரு வேடம். விசைப்பலகையில் அடிப்பது ஆங்கில எழுத்து, கொம்பியூட்டர் சேமிப்பதும் ஆங்கில எழுத்து. எழுத்துரு அதற்குத் தமிழ்ச் சட்டை போட்டுக் காட்டுகிறது. நான் கோப்பை அனுப்பினேன், சட்டையை அனுப்ப மறந்துவிட்டேன்.

நீ இருந்திருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பாய். ஒருவர் செத்து முப்பத்தோராம் நாளுக்கு அச்சடித்துக் கொடுக்கும் சின்னப் புத்தகத்துக்குக் கல்வெட்டு என்று பெயர் வைத்திருக்கிறோம். "கடதாசியைக் கல்லெண்டு சொல்லுற ஒரே சனம் நாங்கள்தான்" என்பாய். இப்போது அந்தக் கல்லை ஒருவராலும் வாசிக்க முடியாது. உனக்கு இதைவிடப் பொருத்தமான கல்வெட்டு வேறென்ன?

ஆனால் இந்தக் குப்பைக்குள் ஒரு வரி எங்கே நிற்கிறது என்று எனக்குத் தெரியும். மூன்றாம் பக்கம், உன் வாழ்க்கைக் குறிப்பு. "சுமேரியர் தமிழரே என உலகுக்கு நிறுவிய இளம் அறிஞர்." எழுதியவர் உன் அப்பா, நான் அங்கிள் என்று கூப்பிடும் மனிதர். அந்த வரி வரக்கூடாது என்று ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்து நீ என்னிடம் சொன்னாய். நான் பார்த்துக்கொள்கிறேன் என்றேன். வெள்ளிக்கிழமைக்கு முன் சரியான கோப்பை அனுப்பச் சொல்கிறான் அச்சகக்காரன்.

நீ பல்கலைக்கழகத்தில் ஆராய்ந்துகொண்டிருந்த அந்த ஒரு சொல்லை முதன்முதலில் என்னிடம் கொண்டுவந்த நாளை நினைத்துக்கொண்டிருக்கிறேன். சென்ட் லோரன்டில் என் வேலைத்தலத்துக்கு எதிரே இருந்த டோனட் கடை. சனிக்கிழமை. ஜான்-டலோன் சந்தையில் பகுதிநேரமாகத் தக்காளி விற்ற கையோடு வந்திருந்தாய், நகத்துக்குள் மண். கோயில் மண்டபத்தில் தமிழில் பேசக் கேட்டிருக்கிறார்கள் என்றாய்.

"மச்சான், ஒரு சொல்லுக்குத் தமிழ் வேணும்." ஆங்கிலத்தில் ஒரு நீளமான சொல்லைச் சொன்னாய்.

"உது அகராதியில கிடக்கே?"

"அனேகமா இல்லை. படிச்ச ஆக்களே லேசில பாவிக்கிறேல்லை."

"ஒருத்தனும் பாவிக்காத சொல்லுக்கு உனக்கேன் தமிழ்?"

"சொல் அரிதெண்டால் நடந்ததும் அரிதோ?"

எனக்குப் பொறுமை கிடையாது, உனக்குத் தெரியும். விமான உதிரிப்பாகங்களை அளந்து பார்ப்பது என் வேலை. பிழை எல்லைக்குள் நின்றால் போகலாம், தாண்டினால் தொட்டிக்குள். நடுவில் யோசிக்க ஒன்றுமில்லை. "சுமேரியமயமாதல். எழுதிப்போட்டு வா, பசிக்குது" என்றேன்.

"ஆதலா, ஆக்கலா?"

"என்னடா வித்தியாசம்?"

"ஆதலெண்டால் தானா ஆனது. ஆக்கலெண்டால் ஆரோ பிடிச்சு ஆக்கினது. இங்கிலிஸ்காரன் ரெண்டையும் ஒரு சொல்லுக்குள்ள ஒளிச்சுப்போட்டுப் போயிடுவான். தமிழில ஒளிக்கேலாது. வாயைத் திறந்தாலே பக்கம் எடுக்கோணும்."

அந்தச் சொல்லுக்கு ஒரு பொருள் மட்டும் இல்லை என்றாய். வேறு மொழி பேசியவர்கள் சுமேரியரின் ஊர்களுக்கு வந்து குடியேறினார்கள். பிள்ளைகளுக்குச் சுமேரியப் பெயர் வைத்தார்கள், அவர்களுடைய கடவுள்களைக் கும்பிட்டார்கள். அதையும் இந்தச் சொல்லால் சொல்வார்கள். "இஞ்ச எங்கட சனம் பிள்ளைக்கு பிரெஞ்சில பேர் தேடுற மாதிரியோ?" என்று கேட்டேன். "ஓம். ஆனால் இஞ்ச கடைசியில ஆர் மிஞ்சுவினம் எண்டு தெரியும். அங்க மாறி நடந்தது" என்றாய். பெயரை எடுத்தார்கள், சாமியை எடுத்தார்கள், எழுத்தை எடுத்தார்கள். பாசையை மட்டும் எடுக்கவில்லை. பேச்சில் சுமேரியம் செத்துப்போனது.

பிறகு கோப்பிக் குச்சியால் கடதாசித் துவாலையில் ஆப்புபோல நாலைந்து கீறல் போட்டாய். வீடு என்ற குறி. சுமேரியன் அதை "ஏ" என்று வாசிப்பான். பிறகு வந்த அக்காடியன் அதே குறியை அப்படியே எழுதிவிட்டு, தன் பாசையில் "பீத்து" என்று வாசிப்பான்.

"பீத்தோ? நல்ல வீடு!" என்றேன். கோப்பி உன் மூக்கால் வந்தது. பக்கத்து மேசைக் கிழவி திரும்பிப் பார்த்தாள்.

"கேள் மச்சான். எழுத்து செத்தவன்ர. வாசிப்பு உயிரோட இருக்கிறவன்ர. ஒரு பேரை, ஒரு வசனத்தை அப்பிடிச் சுமேரிய உடுப்புக்குள்ள ஏத்துறதுக்கும் இந்தச் சொல்லைப் பாவிப்பினம்." இன்னொன்றும் இருக்கிறது என்றாய். கடைசிச் சுமேரியன் செத்த பிறகும் பள்ளிக்கூடப் பெடியங்களை இருத்தி, புதிது புதிதாகச் சுமேரியத்தில் எழுத வைத்தார்களாம். "பேச ஆளில்லாத பாசையில பிழை பிடிக்கவும் ஆளில்லைத்தானே. விரும்பினபடி எழுதலாம்."

அடுத்த நாள் பேச்சை அச்செடுக்கப் பல்கலைக்கழக நூலகத்துக்குப் போனோம். அங்கே எங்கள் எழுத்துரு இல்லை. திரை முழுக்க ஆங்கில எழுத்துக் குப்பை. நான் கெட்ட வார்த்தை சொன்னேன். நீ கைதட்டினாய். "இதுதானடா! எழுத்து அவங்கட, வாசிப்பு எங்கட!" நூலகப் பெண் வாயில் விரல் வைத்து உன்னை அடக்கினாள்.

மண்டபத்தில் சிரிப்பு இல்லை. உன் அப்பா முன்வரிசையில் கோட்டுப் போட்டு இருந்தார். திருகோணமலையில் வங்கியில் காசாளராக இருந்த மனிதர், இங்கே புவாண்ட்-கிளேரில் களஞ்சியத்தில் பெட்டி தூக்குகிறார். மகன் டொக்டருக்குப் படிக்கிறான் என்று சொன்னதால் களஞ்சியத்து ஆட்கள் அவரை எப்படி வாட்டினார்கள் என்று நீயே நடித்துக் காட்டியிருக்கிறாய். "அண்ணை, எனக்குச் சீனி கூடிப்போச்சு, உங்கட டொக்டரை ஒருக்காப் பாக்கச் சொல்லுங்கோவன்." "அவர் செத்த பாசைக்கு ஊசி போடுற டொக்டரெல்லோ!" அதற்குப் பிறகுதான் அங்கிள் ஒரு பதிலைக் கண்டுபிடித்தார். என்ர மகன் சுமேரியர் தமிழரெண்டு நிரூபிக்கிறான். அதைக் கேட்டு ஒருவரும் சிரிக்கவில்லை. தாய் இல்லாத பிள்ளையைத் தனியாக வளர்த்து இந்தப் பனிக்குள் கொண்டுவந்தவருக்கு, அந்த ஒரு வசனம் காலடியில் நிலம் மாதிரி ஆகிவிட்டது.

நீ ஆதலையும் ஆக்கலையும் அரை மணித்தியாலம் விளக்கினாய். கூட்டத் தலைவர் ஒலிவாங்கியை வாங்கினார். "தம்பி, சுத்தி வளைக்காமல் சொல்லும். சுமேரியர் தமிழர்தானே?"

"இல்லை ஐயா. அந்தப் பாசைக்கு உறவான பாசை ஒண்டும் இதுவரைக்கும் அம்பிடேல்லை."

"அம்பிடேல்லையெண்டால் இல்லையெண்டோ? தேடிப் பாக்கிறதுதானே!"

"நான் தேடுறன் ஐயா. பதிலை முதலே எழுதி வைச்சிட்டுத் தேடேலாது."

பின்னுக்கிருந்து ஒரு குரல்: "வெள்ளைக்காரன்ர சோறு திண்டால் வெள்ளைக்காரன்ர பாட்டுத்தானே வரும்!" கைதட்டல். அன்று உனக்குக் கிடைத்த ஒரே கைதட்டல் அதுதான்.

என் காரில் திரும்பினோம். அங்கிள் முன்னுக்கு, நீ பின்னுக்கு. நெடுஞ்சாலை ஏறினோம். பிறகு அவர் கண்ணாடியைப் பார்த்தபடி கேட்டார். "ஓம் எண்டு சொல்ல எவ்வளவு நேரம் எடுக்கும், மகன்?"

எனக்கும் அன்று உன்மேல்தான் கோபம். ஒரு சொல், மச்சான். வாய்க்குள் போட்டுத் துப்ப வேண்டிய ஒரு சொல்.

பிறகு உனக்கு இரத்தத்தில் புற்றுநோய் வந்தது. அதைப் பற்றி எழுத என்னிடம் ஒன்றுமில்லை. ஒரு விளக்கமும் இல்லாமல் வந்தது, ஒரு விளக்கமும் இல்லாமல் முடிந்தது. நான் வேலை செய்யும் இடத்தில் ஒரு பாகம் உடைந்தால் ஏன் என்று அறிக்கை வரும்வரை விடமாட்டார்கள். உனக்கு அறிக்கை இல்லை.

கடைசியாக நீ தெளிவாகக் கதைத்த நாளில், அங்கிள் தேத்தண்ணி வாங்கக் கீழே போயிருந்தார். "கல்வெட்டை நீதான் அடிப்பாய், என்ன? அந்தக் கதையைப் போட விடாத. செத்தவனுக்குத் திருத்தேலாது."

"விசர்க் கதை கதையாத. நான் பாத்துக்கொள்றன்."

"எதைப் பாத்துக்கொள்ளுவாய்? விசர்க் கதையையோ, கல்வெட்டையோ?" உதடு வெடித்திருந்தது. அதோடு சிரித்தாய்.

நான் பார்த்துத்தான் கொண்டேன். போன ஞாயிறு பின்னேரம் மடிக்கணினியோடு உங்கள் வீட்டுக்குப் போனேன். அங்கிள் கையால் எழுதித் தந்ததை அடிக்கும்போது அந்த வரியை மட்டும் விட்டிருந்தேன். சொல்லாமல் விட்டால் கவனிக்கமாட்டார் என்று நினைத்தேன். திரையில் விரல் வைத்து வாசித்துக்கொண்டு வந்தவர் அந்த இடத்தில் நின்றார்.

"தம்பி, ஒரு வசனம் குறையுது."

"அங்கிள், அது பிழை. அவன் அப்பிடிச் சொல்லவேயில்லை."

"தெரியும்."

நான் அதை எதிர்பார்க்கவில்லை. சண்டை பிடிப்பார் என்று ஆயத்தமாகப் போயிருந்தேன்.

"அண்டைக்கு முன்வரிசையில இருந்தனான்தானே. எனக்குக் காது கேக்கும்."

"அப்ப ஏன் அங்கிள்?"

"என்ர பிள்ளை இவ்வளவு காலமும் என்ன செய்தவன் எண்டு சொல்ல என்னட்டை வேற வசனம் இல்லை. உம்மட்டை இருந்தால் தாரும். போடுவம்."

இருந்தது. "சுமேரியமயமாதலை ஆராய்ந்தவர்" என்றேன். அவர் அதைச் சொல்லிப் பார்த்தார், பாதியில் நாக்கு தடக்கியது. அதெண்டால் என்ன என்று கேட்டார். நான் சொன்னேன். நீ டோனட் கடையில் சொன்ன எல்லாவற்றையும், பெயர், சாமி, எழுத்து, கடைசியில் பேச ஆளில்லாமல் போனது, கடகடவென்று, என் வழக்கமான அவசரத்தோடு. அவர் ஒரு இடத்திலும் குறுக்கிடவில்லை. மண்டபத்தில் இருந்த அத்தனை பேரிலும் அவர்தான் உன்னை நன்றாக விளங்கிக்கொண்டிருப்பார் என்று அப்போதுதான் தெரிந்தது.

"ஆக, அந்தச் சனத்தின்ர எல்லாத்தையும் மற்றவன் எடுத்துக்கொண்டான். பாசை மட்டும் செத்தது."

"ஓம் அங்கிள்."

"அதையோ என்ர பிள்ளை இருந்து படிச்சவன்."

"ஓம்."

யன்னலுக்கு வெளியே பார்த்தார். கீழே முற்றத்தில் கார்டரி என்ற பிள்ளைப் பராமரிப்பு நிலையத்தால் வந்த எங்கள் சனத்துப் பிள்ளைகள் இரண்டு சேற்றுப் பனியில் பிரெஞ்சில் கத்திக்கொண்டு நின்றன. அவர் யன்னலிலிருந்து திரும்பவில்லை.

"அதை நான் சனத்துக்குச் சொல்லமாட்டன், தம்பி. நான் எழுதினதையே போடும்."

நான் போட்டேன். அங்கிள் பக்கத்தில் நின்று எழுத்து எழுத்தாகப் பார்த்தார். பிழை எல்லையைத் தாண்டிய பாகத்துக்கு நான் முத்திரை குத்தியது அதுதான் முதல் தடவை. வேலையில் செய்திருந்தால் அன்றே வீட்டுக்கு அனுப்பியிருப்பார்கள்.

உன் கேள்விக்கு இப்போது என்னிடம் பதில் இருக்கிறது, மச்சான். ஆக்கல். நீ ஆகவில்லை, உன்னை ஆக்கினோம். உன் பெயரை எடுத்தோம், படத்தை எடுத்தோம், படிப்பை எடுத்தோம். நீ சொன்னதை மட்டும் எடுக்கவில்லை. உன் ஆய்வு பாதியில் கிடக்கிறது. நான் திறந்து பார்த்தேன், இரண்டாம் பக்கத்துக்கு மேல் எனக்கு ஏறவில்லை. முடிக்க ஆளில்லை, பிழை பிடிக்கவும் ஆளில்லை. உன்னைப் பற்றி இனி விரும்பினபடி எழுதலாம்.

கோப்பை இப்போது திரும்ப அனுப்பிவிட்டேன். இந்த முறை எழுத்துருவையும் உள்ளே வைத்து, இரண்டுதரம் சரிபார்த்து அனுப்பினேன். இனி எந்தக் கொம்பியூட்டரில் திறந்தாலும் எல்லாம் தெளிவான தமிழில் வரும். முப்பத்தோராம் நாள் மண்டபத்தில் எல்லோர் கையிலும் அது இருக்கும். அந்த வரியை வாசித்துத் தலையாட்டுவார்கள். களஞ்சியத்து ஆட்கள் அங்கிளின் கையைப் பிடிப்பார்கள். ஒருவரும் சிரிக்கமாட்டார்கள்.

நானும் அதே வரியைத்தான் பார்ப்பேன். எழுத்து அவருடையதாக இருக்கும். நான் அதை "இல்லை ஐயா" என்று வாசிப்பேன், உன் குரலில். அந்த வாசிப்பைக் கோப்புக்குள் வைத்து அனுப்ப ஒரு வழியும் இல்லை. அது என்னிடம் மட்டும்தான் இருக்கிறது, நான் இருக்கும்வரைக்கும்.