மாயவன் எழுதிய மொய் நோட்டு

10-6-2025, செவ்வாய்

செக் திரும்பிய வழக்கில் இன்று எனக்குக் குறுக்கு விசாரணை. செக்கில் இருப்பது தன் கையெழுத்துதான் என்று மாயவண்ணன் ஒத்துக்கொண்டுவிட்டார். ஆனால் அது சீட்டுக்கு ஜாமீனாகக் கொடுத்ததாம். என்னிடம் கடனே வாங்கவில்லையாம்!

"தையல்ல மாசம் எவ்ளோ வருது?" என்றார் அவருடைய வக்கீல்.

"எட்டாயிரம், ஒன்பதாயிரம்."

"அப்ப மூணு லட்சம் ரொக்கம் ஏதும்மா?"

"புள்ளைங்க காதுகுத்துல வந்த மொய்ப் பணங்க."

"ஆதாரம்?"

"ஊருக்கே தெரியும்."

பின்னால் யாரோ சிரித்தார்கள். வெளியே வந்ததும் என் வக்கீல் தனுஷா சொன்னாள்: "கையெழுத்து இருந்தா கடன் இருக்குன்னு கோர்ட்டு எடுத்துக்கும்க்கா. ஆனா உங்ககிட்ட அவ்ளோ பணமே இருந்திருக்காதுன்னு அவங்க சந்தேகத்தக் கெளப்பிட்டாங்க. இனி நாமதான் காட்டணும்."

மரவள்ளி லோடு எடுக்கணும், ரெண்டே மாசம் தங்கச்சின்னு வாசல்ல வந்து நின்ன ஆளு! இனி அவர் எனக்கு அண்ணன் இல்லை. மாயவன்.

11-6-2025

"உட்டுடு ஜெயா, எத்தினி நாளு அலைஞ்சிக்கினு இருப்ப?" என்கிறார் வீட்டுக்காரர். விடமாட்டேன்.

15-6-2025, ஞாயிறு

உளுந்தூர்பேட்டையிலிருந்து கல்யாணப் பத்திரிகை வந்தது. இந்த மாதம் மூன்றாவது. மொய் வாங்கியது நான், பணம் மாயவனிடம், திருப்பிச் செய்வது என் வளையல். இரண்டு வளையல் ஏற்கெனவே அடகில் இருக்கிறது. வழக்கு தோற்றால் அத்தனை குடும்பத்துக்கும் தைத்துத் தைத்தே திருப்ப வேண்டும்.

அவர்கள் எவ்வளவு வைத்தார்கள் என்று பார்க்க மொய் நோட்டைத் திருப்பினேன். நாகராஜன், 1001. 1 என்ற எண்ணை இப்படி 7 மாதிரி கொக்கி வைத்து எழுதுவது யார்?

மாயவன்தான். காதுகுத்தன்று என் பிள்ளைகள் காதைப் பிடித்துக்கொண்டு அலற, கையெழுத்து அழகாக இருக்கிறதென்று நாங்கள்தான் மாயவனை மொய் எழுத உட்கார வைத்தோம். கடைசிப் பக்கத்தைப் புரட்டினேன். மொத்தம் 3,12,450. "எண்ணி ஒப்படைத்தேன்" என்று எழுதியிருக்கிறார். 5-2-2023. கீழே அவர் கையெழுத்து.

இரண்டு வருஷமாக இந்த நோட்டைப் புரட்டுகிறேன். யார் வைத்தது, எவ்வளவு என்று மட்டுமே பார்த்திருக்கிறேன். யார் எழுதியது என்று பார்த்ததே இல்லை. மக்கு, மக்கு!

16-6-2025

"ஏன்க்கா இத இவ்ளோ நாளா சொல்லல?"

"நம்ம வூட்டு நோட்டு தானே, இது எப்படி செல்லும்னு நெனச்சேன்."

தனுஷா தலையில் அடித்துக்கொண்டாள். என்னை மறுபடி சாட்சிக் கூண்டில் ஏற்ற மனுப் போடுகிறாள்.

3-7-2025, வியாழன்

நோட்டை வாங்கிச் சான்றாவணமாகக் குறித்தார்கள். எதிர் வக்கீல் எழுந்தார்.

"இது நீங்களே எழுதி வெச்சிக்கினதுதானே?"

"இல்லீங்க. உங்க கட்சிக்காரர் எழுதினது. கடைசிப் பக்கத்துல பாருங்க. செக்குல இருக்கிற அதே கையெழுத்து."

நீதிபதி செக்கையும் நோட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். மாயவன் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதற்குமேல் என்னிடம் யாரும் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. 

22-7-2025

சமாதானமாகப் போகலாம் என்று கேட்டார்கள். ஒன்றரை லட்சத்துக்கு டிடி இன்றே கொடுத்தார்கள். மீதிக்கு செப்டம்பர் கடைசி வரை தவணை, தவறினால் வழக்கு நடக்கும். வராந்தாவில் மாயவன், "மொதல்லயே ஒழுங்கா கேட்டிருந்தா குடுத்திருப்பேனே" என்றார். கேட்டுக் கேட்டு என் செருப்புதான் தேய்ந்தது.

29-8-2025, வெள்ளி

கச்சிராயபாளையத்தில் மாயவன் மகள் கல்யாணம். எங்களுக்குப் பத்திரிகை வைக்கவில்லை. நான் போனேன். காதுகுத்தில் அவர் வைத்த மொய் 2001. அதைத் திருப்பி வைத்தேன். மொய் எழுதுகிறவர் என் பெயரையும் தொகையையும் எழுதி முடிக்கும்வரை நின்று பார்த்தேன்.

பந்தியில் மாயவன் எதிரே வந்து நின்றார். பக்கத்திலெல்லாம் அவர் சொந்தக்காரர்கள்.

"நல்லா சாப்புடும்மா. மொய் எண்ணினதும் ஒன் கடன மொத்தமா முடிச்சிடறேன்."

கடன். அவர் வாயால் அந்தச் சொல் வந்தது இன்றுதான். சரிங்க என்றேன். ரசத்தில் உப்பு கம்மி, ஆனாலும் இரண்டு முறை வாங்கிச் சாப்பிட்டேன்.

நோட்டு இன்னும் கோர்ட்டில்தான் இருக்கிறது. வீட்டுக்கு வந்து அதன் ஜெராக்ஸில் மாயவன் பெயருக்கு நேரே கோடு அடித்தேன். இன்னும் நூற்றெட்டுப் பேருக்குத் திருப்ப வேண்டும்.